சிவப்பு மையில் எழுதிய கடைசிக் கட்டம்

ஒரு மனிதர் பதினெட்டு ஆண்டுகள் சேர்த்த இலைப் புத்தகத்தை, ஒரு வாரத்தில் தருகிறோம் என்று சொல்லி வாங்கிக்கொண்டு போனார்கள். இரண்டு ஆண்டுகளாகத் திருப்பித் தரவில்லை. அவர் இறந்த மூன்றாம் நாள், அதிலிருந்து எடுத்ததை ஒரு சிறுநூலாக அச்சடித்து வெளியிட்டார்கள். அதில் அவர் பெயர் இல்லை. இது தவறு, ஆனால் சிறிய தவறு. ஒவ்வோர் இலைக்கும் எதிரே அவர் சிவப்பு மையில் எழுதி வைத்திருந்த கடைசிக் கட்டத்தை முழுவதுமாக விட்டுவிட்டார்கள். இது பெரிய தவறு. இதனால் ஆள் சாகலாம். எப்படிச் சாகலாம் என்பது எனக்குத் தெரியும். என் வீட்டிலேயே அது பாதி நடந்தது.

அவரை அறிந்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். நம் சந்தையில் எல்லோரும் அவரைப் பிரகாசம் முசியே என்று அழைத்தோம். முசியே என்றால் பிரெஞ்சில் ஐயா. ஞானப்பிரகாசம் என்பது முழுப்பெயர். பிரெஞ்சுக்காரர் காலத்திலும், கொடி மாறிய பிறகு சில ஆண்டுகளும், சந்தை வாசலில் மேசை போட்டு உட்கார்ந்து உள்ளே போகும் பொருளுக்குச் சீட்டு எழுதியவர். நான் அதே வாசலில் தராசுக்காரன். பள்ளிக்கூடம் போகாதவன். எடைக்கற்களில் வெட்டியிருந்த எழுத்தையும், மளிகைக் கடைப் பொட்டலக் காகிதத்தையும் பார்த்துப் படிக்கக் கற்றவன். ஆகவே என் தமிழில் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். நான் சொல்லும் செய்தியில் பிழை இல்லை.

நம் ஊர் சட்டப்படியும் தாய்நாட்டோடு இணைந்துவிட்டது என்று கட்டிய தோரணங்கள் தெருக்களில் காய்ந்துகொண்டிருந்த வாரம் அது. காலையில் கதவைத் திறந்தால் அஞ்சலை நின்றுகொண்டிருந்தாள். தவளக்குப்பத்துக்கு அப்பாலிருந்து கீரையும் பச்சிலையும் கொண்டுவருகிற அஞ்சலையைச் சந்தைக்குப் போகிற எல்லோருக்கும் தெரியும். அன்று அவள் தலையில் கூடை இல்லை. கூடை இல்லாமல் நான் அவளைப் பார்த்ததே கிடையாது.

“பாய், முசியே பூட்டாரு” என்றாள்.

“எப்போ?”

“விடியக்காலைலதான். கஞ்சி வேணும்னு கேட்டாராம். அவரு ஊட்டம்மா அடுப்பு பத்தவெச்சிட்டு வந்து பாக்குதாம், அவ்ளோதான்.” பிறகு, “பொஸ்தகம் வந்துச்சா பாய்?” என்று கேட்டாள்.

“வரல.”

“வராமயே பூட்டாரே” என்றாள். அவள் அழுதது அப்போதுதான்.

அடக்கத்துக்குச் சந்தைப் பெண்கள் எட்டுப் பேர் வந்திருந்தார்கள். மாதா கோயிலுக்குள் போகலாமா கூடாதா என்று தெரியாமல் வெளியே வேப்பமரத்தடியில் நின்றார்கள். முசியேயின் மனைவி தெரேசம்மாள் தாமே வந்து அவர்களை உள்ளே அழைத்துப் போனார். பூமாலைகளுக்கு நடுவில் அஞ்சலை ஒரு கைப்பிடி தொய்யக்கீரையை வைத்தாள். யாரோ ஒருவர் அதை எடுக்கக் கை நீட்டினார். “இருக்கட்டும், அவருக்குத் தெரிஞ்ச பூ அதுதான்” என்று தெரேசம்மாள் சொன்னார். கீரை அவரோடு மண்ணுக்குள் போயிற்று.

அந்தப் புத்தகம் எப்படித் தொடங்கியது என்பதைச் சொல்ல வேண்டும். சிறுநூலின் முன்னுரையில், அது ஏதோ ஒரு குழு ஆராய்ந்து எழுதியது போலக் காட்டியிருக்கிறார்கள்.

அந்தக் காலத்தில் சந்தைக்குள் போகும் எந்தப் பொருளுக்கும் பிரெஞ்சுப் பெயர் எழுதிய சீட்டு வேண்டும். கத்தரிக்காய்க்குப் பெயர் இருந்தது, வெங்காயத்துக்கு இருந்தது, கருவாட்டுக்குக்கூட இருந்தது. அவை எல்லாம் கூரைக்கு அடியில் போகும். அஞ்சலை போன்றவர்கள் கொண்டுவரும் இலைகளுக்குப் பெயர் இல்லை. ஆகவே எல்லாவற்றுக்கும் சேர்த்து ‘பலவகைப் புல்’ என்று எழுதிவிடுவார்கள். புல் என்று எழுதினால் மாட்டுவண்டிகள் நிற்கும் பக்கம் போய் உட்கார வேண்டும். அங்கே நிழல் கிடையாது. ஒன்பது மணிக்குக் கீரை துவண்டுவிடும், பத்து மணிக்கு அதை மாட்டுக்குத்தான் போட முடியும். கடைசியில் அது புல்லாகவே ஆகிவிடும்.

முசியேயும் வேலைக்கு வந்த புதிதில் அப்படித்தான் எழுதினார். ஒரு நாள் வெள்ளைக்காரர் வீட்டுச் சமையல்காரர் ஒருவர் வண்டிப் பக்கம் போய் அஞ்சலையிடம் பருப்புக்கீரை வாங்கிக்கொண்டு வந்தார். வாசலில் முசியேயிடம் காட்டி, “இத்த எங்க தொரசானி பூர்ப்பியேன்னு சொல்லும், முசியே. எண்ணெய் ஊத்திப் பச்சையாவே தின்னும்” என்றார். முசியே பேனாவைக் கீழே வைத்தார். எழுந்து வண்டிப் பக்கம் போனார். நானும் பின்னால் போனேன்.

“கூடையில என்னம்மா?” என்று கேட்டார்.

“புல்லு” என்றாள் அஞ்சலை.

“புல்லுன்னு யாரு சொன்னது?”

“நீங்கதான், முசியே. தெனம் எழுதிக் குடுக்கறீங்க.”

சுற்றி இருந்த பெண்கள் சிரித்தார்கள். அவர் முகம் சிவந்துவிட்டது. மறுநாள் அவள் சீட்டில் ‘பூர்ப்பியே’ என்று எழுதினார். பருப்புக்கீரை கூரைக்கு அடியில் போய் உட்கார்ந்தது. அஞ்சலையும் போய் உட்கார்ந்தாள்.

அதற்குப் பிறகு அவருக்கு ஓய்வு இல்லை. ஒரு கீரை உள்ளே போனால் மற்றது வெளியே இருப்பது நியாயமா? ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் அரசாங்கத் தாவரத் தோட்டத்துக்குப் போய் மரஞ்செடிகளில் தொங்கும் பெயர்ப் பலகைகளை எழுதிக்கொண்டு வருவார். மருந்துக்கடைக்காரரிடம் கேட்பார். எங்கும் கிடைக்காத பெயரை, அஞ்சலை சொல்வதைக் கேட்டு அப்படியே பிரெஞ்சு எழுத்தில் எழுதிவிடுவார். மேலதிகாரி ஒருவர் இது என்ன பாஷை என்று கேட்டபோது, “பேர் இல்லாத செடி கிடையாது. எனக்குத் தெரியாத பேருதான் இருக்குது” என்று சொன்னார். அந்தப் பதிலை அவர் வாழ்நாள் முழுவதும் பலருக்குச் சொன்னார். ஒவ்வொரு முறையும் புதிதாகச் சொல்வது போலவே சொல்வார்.

மேலதிகாரிக்குக் காட்டுவதற்காகத்தான் இலைகளை ஒட்டத் தொடங்கினார். தடித்த காகிதம், ஒரு பக்கத்துக்கு ஓர் இலை. பசை காய்ச்சுவது என் வேலை. கஞ்சியைக் கெட்டியாகக் காய்ச்சி, கரப்பான் அரிக்காமல் இருக்க அதில் கொஞ்சம் மயில்துத்தம் கலப்பேன். இலையைத் தராசுத் தட்டின் அடியில் வைத்து, மேலே எடைக்கற்களை அடுக்கிக் காயவைப்பேன். இலைக்குக் கீழே அவர் கட்டம் போட்டு எழுதுவார். தமிழ்ப் பெயர், பிரெஞ்சுப் பெயர், எந்தக் கொல்லையில் முளைக்கிறது, உணவா மருந்தா, எப்படிச் சமைப்பது, யாருக்கு ஆகாது.

எந்தக் கொல்லை என்பது முக்கியம் என்றார். இந்தப் பெண்கள் கீரை பயிரிடுகிறவர்கள் இல்லை. அடுத்தவர் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலைக் கொல்லையிலும் கேழ்வரகுக் கொல்லையிலும் களை எடுக்கப் போகிறவர்கள். பிடுங்கிய களையில் தின்னத் தக்கதைப் பிரித்து, மடியில் கட்டி, மறுநாள் சந்தைக்குக் கொண்டுவருவார்கள். தொய்யக்கீரையும் பண்ணைக்கீரையும் குப்பைக்கீரையும் அப்படித்தான் நம் அடுப்புக்கு வந்தன. நிலத்துக்காரனுக்கு அது களை, நமக்கு அது சோற்றோடு சேர்த்து உண்பது. “இந்த ஊர்ல பாதிப் பேருக்கு ரத்தம் இருக்குதுன்னா, அது எவனோ வேணாம்னு தூக்கிப் போட்டதாலதான், பாய்” என்று முசியே சொல்வார்.

இன்னொரு பழக்கமும் அவருக்கு உண்டு. உணவு என்று எழுதுவதற்கு முன்னால் அந்த இலையைத் தாமே தின்று பார்ப்பார். “நான் திங்காத எலைக்கு நான் சாட்சி சொல்ல மாட்டேன்” என்பார். அதனால் பட்ட பாடு வயிற்றுக்குத்தான் தெரியும். ஒரு முறை நான் அவர் வீட்டுக்குப் போனபோது, மூன்று நாள் வயிற்றுப்போக்கில் படுத்திருந்தார். தெரேசம்மாள் என்னைப் பார்த்ததும், “வாங்க பாய். எங்க அப்பா எனக்கு மாப்பிள்ளை பாத்தேன்னு சொன்னாரு. ஆட்டத்தான் புடிச்சிக் கட்டி வெச்சிட்டாரு” என்றார். படுத்திருந்தவர் கண்ணைத் திறக்காமலே, “ஆடு பிரெஞ்சு பேசுமா, தெரேஸ்?” என்று கேட்டார்.

ஐம்பத்து நான்கில் கொடி மாறியது. புதிதாக வந்த அதிகாரி, சீட்டில் தமிழிலேயே பெயர் எழுதினால் போதும் என்று சொல்லிவிட்டார். நல்ல காரியம். பெண்கள் கூரைக்கு அடியிலேயே இருந்தார்கள். இனி அலுவலகத்துக்கு இந்தப் புத்தகம் தேவையில்லை என்றும் சொன்னார்கள். காகிதம், மை, பசை எல்லாம் ஆரம்பத்திலிருந்தே முசியே சொந்தமாக வாங்கியவை. ஆகவே புத்தகத்தை வீட்டுக்குக் கொண்டுபோனார். சிலர் இப்போது அதை அரசாங்கச் சொத்து என்கிறார்கள். பசை காய்ச்சியவன் சொல்கிறேன், அது அவருடைய சொத்து.

இனி நான் எழுத விரும்பாததை எழுதுகிறேன்.

கொடி மாறிய அடுத்த ஆண்டு என் அண்ணனுக்கு நீரிழிவு என்று டாக்டர் சொன்னார். அண்ணன் தையல்காரர். சிறுகுறிஞ்சான் இலையைக் கஷாயம் வைத்துக் குடித்தால் நல்லது என்று யாரோ அவருக்குச் சொல்லியிருந்தார்கள். எனக்கு அந்த இலையைத் தெரியும் என்று நினைத்தேன். ஏன் தெரியாது? புத்தகத்தில் அதை ஒட்டியவனே நான்தான். முசியேயிடம் புத்தகத்தை வாங்கி அந்தப் பக்கத்தைப் பார்த்தேன். நகரத்துக்கு வெளியே ஒரு முள்வேலியில் அதே மாதிரி கொடி படர்ந்திருந்தது. எதிரெதிராக இரண்டிரண்டு இலை. அதே அளவு, அதே கூர். காய்ந்த இலையைப் பக்கத்தில் வைத்துப் பார்த்துத்தான் பறித்தேன். அஞ்சலையைக் கேட்டிருக்கலாம். இத்தனை வருடம் பசை தடவியவனுக்கு அஞ்சலை எதற்கு என்று நினைத்தேன்.

காலையில் அண்ணன் கஷாயத்தைக் குடித்தார். அரைமணி நேரத்தில் வாந்தி தொடங்கியது. நிற்கவே இல்லை. கண் சொருகிவிட்டது. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம். “எந்த இலை?” என்று டாக்டர் கேட்டார். நான் புத்தகத்தையும் மிச்சமிருந்த இலையையும் காட்டினேன். அவர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார். “ரெண்டும் ஒண்ணுதானே?” என்றார். படித்த கண்ணுக்கும் அது ஒன்றாகத்தான் தெரிந்தது.

அதற்குள் செய்தி முசியேவுக்குப் போய்விட்டது. அவர் சந்தைக்கு ஓடி, அஞ்சலையைக் கூடையோடு ரிக்‌ஷாவில் ஏற்றிக்கொண்டு வந்தார். அவள் புத்தகத்தைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நான் பறித்த இலையை வாங்கித் திருப்பி அடிப்பக்கத்தை விரலால் தடவினாள். காம்பை ஒடித்தாள். நுனியில் ஒரு துளியைக் கிள்ளி நாக்கில் வைத்துத் துப்பினாள்.

“இது நஞ்சறுப்பான். பாம்பு கடிச்சவனுக்கு வாந்தி எடுக்கக் குடுக்கறது. இத்த போயி கொவளையில காச்சிக் குடுத்தியா பாய்?” என்றாள். பிறகு டாக்டரைப் பார்த்து, “வாந்தி தானா நிக்கும் ஐயா. அதுவரைக்கும் ஒடம்புல தண்ணி வத்தாம பாத்துக்கங்க” என்றாள்.

டாக்டர் அவள் சொன்னதைக் கேட்டார். கேட்டார் என்பதற்காக அவரை இன்றும் மதிக்கிறேன். அண்ணன் பிழைத்தார். இன்றும் இருக்கிறார். இதை எழுதியதும் முதலில் அவருக்குத்தான் படித்துக் காட்டினேன். “குவளை இல்லடா, சட்டி” என்று திருத்தம் சொன்னார்.

அன்று மதியம் ஆஸ்பத்திரி வராந்தாவில், முசியே அஞ்சலையிடம் சிறுகுறிஞ்சானை எப்படித்தான் கண்டுபிடிப்பது என்று கேட்டார். அவள் கூடையிலிருந்து ஓர் இலையை எடுத்து அவரிடமும் என்னிடமும் கொடுத்து மெல்லச் சொன்னாள். மென்றோம். பிறகு எதிர் டீக்கடையில் கொஞ்சம் சர்க்கரை வாங்கிவரச் சொல்லி, எங்கள் நாக்கில் போட்டாள். இனிக்கவில்லை. மணலைத் தின்றது போல இருந்தது.

“சக்கரை மண்ணாப் போச்சுன்னா சிறுகுறிஞ்சான். இனிச்சா வேற எதோ. துப்பிட்டு ஓடு” என்றாள். “ஒட்டின எலைய எப்படி மெல்லுவீங்க, முசியே?”

நான் அவர் காலில் விழப்போனேன். தப்பு என்னுடையது, உங்கள் புத்தகத்தைக் கெடுத்துவிட்டேன் என்றேன். அவர் என் தோளைப் பிடித்து நிறுத்தினார். “தப்பு ஒங்களுது இல்ல, பாய். பொஸ்தகத்துது. காஞ்ச எலையில பால் வராது, வாசனை வராது, அடியில இருக்கிற மயிர் படிஞ்சிடும். அது எனக்குத் தெரிஞ்சிருக்கணும்” என்றார்.

மறுநாளே கடையில் சிவப்பு மை வாங்கினார். ஒவ்வொரு பக்கத்திலும் கடைசியாக இன்னொரு கட்டம் போட்டார். அதில் இரண்டு செய்திகள். ஒன்று, பச்சை இலையில் செய்து பார்க்க வேண்டிய சோதனை. இரண்டாவது, யாரைக் கேட்க வேண்டும் என்பது. ஆளின் பெயர், ஊர், சந்தையில் உட்காரும் இடம். அந்த ஒரு கட்டத்தை எழுதி முடிக்க அவருக்கு இரண்டு மழைக்காலம் பிடித்தது. ஒவ்வோர் இலைக்கும் அந்தப் பெண்களிடம் போய் உட்கார்ந்து, அவர்கள் வாயிலிருந்து கேட்டு எழுதினார். சில இலைகளுக்கு எதிரே ‘எவரும் உறுதி சொல்லவில்லை, தின்னாதே’ என்று எழுதினார். சிறுகுறிஞ்சான் பக்கத்தைக் கிழித்து எடுத்துவிட்டுப் புதிதாக ஒன்று எழுதிச் சேர்த்தார். கிழித்த பழைய பக்கத்தை என் கையில் கொடுத்தார். “இத்த நீங்க வெச்சுக்கங்க. மறக்காம இருக்கறதுக்கு” என்றார்.

அந்தச் சிவப்புக் கட்டம் வளர்ந்துகொண்டே போனது. மல்லாட்டைக் கொல்லைகளில் பூச்சிக்கு வெள்ளை மருந்துத் தூள் தூவத் தொடங்கிய புதிதில், ஒரு நாள் அஞ்சலை வெறும் அரைக்கூடையோடு வந்தாள். தொய்யக்கீரை ஏன் இல்லை என்று கேட்டதற்கு, “கொல்லையில பவுடர் அடிச்சிட்டான். கீரை நல்லாத்தான் இருக்குது, பளபளன்னு. அதான் பயமா கீது” என்றாள். அவளுக்கு அன்று வியாபாரம் இல்லை. ஆனால் அவள் விற்கவில்லை. முசியே அன்று மாலையே தொய்யக்கீரைப் பக்கத்தின் சிவப்புக் கட்டத்தில் ‘எந்தக் கொல்லை, மருந்து அடித்ததா என்று விற்பவளைக் கேள்’ என்று சேர்த்தார். இலையைப் பார்த்து எவனாலும் இதைச் சொல்ல முடியாது. பறித்தவளுக்குத்தான் தெரியும்.

இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு, மக்கள் சத்துள்ள உணவு உண்ண வேண்டும் என்று பிரசாரம் செய்யும் ஒரு சங்கத்திலிருந்து செயலாளர் வந்தார். சங்கத்தின் பெயரை எழுதவில்லை. அவர்களுக்குத் தெரியும். நான் அப்போது முசியே வீட்டில் இருந்தேன். வந்தவர் மரியாதையாகத்தான் பேசினார். பக்கங்களைப் புரட்டி வியந்தார். பள்ளிகளுக்காக ஒரு சிறுநூல் போடப் போகிறோம், ஒரு வாரம் கொடுங்கள் என்றார். பிறகு விரலால் தொட்டு, “இந்தச் சிவப்புக் கட்டம் எதுக்கு? இதுல வெறும் பொம்பளைங்க பேரா இருக்குதே” என்றார்.

“அதுதாங்க பொஸ்தகம். மத்ததெல்லாம் அட்டை” என்றார் முசியே.

செயலாளர் சிரித்தார். அதை வேடிக்கைப் பேச்சு என்று எடுத்துக்கொண்டார். அவர் போன பிறகு, “குடுத்திருக்க வேணாம், முசியே” என்றேன். “பள்ளிக்கூடத்துக்குன்னு கேக்கறாரு, பாய். இல்லன்னு எப்படிச் சொல்றது?” என்றார். அவரிடம் எனக்குப் பிடிக்காத ஒரே குணம் இதுதான். கேட்டவனுக்கு இல்லை என்று சொல்லத் தெரியாது.

மூன்று முறை அவரே போய்க் கேட்டார். முதல் முறை செயலாளர் வெளியூர் போயிருப்பதாகச் சொன்னார்கள். இரண்டாம் முறை அச்சகத்தில் இருக்கிறது என்றார்கள். மூன்றாம் முறை அவர் கண் மங்கிவிட்டிருந்தது. நான்தான் கையைப் பிடித்து அழைத்துப் போனேன். வாசலில் இருந்த ஆள், “எந்தப் புத்தகம்?” என்று கேட்டான். திரும்பி வரும் வழியில், சந்தை வாசலுக்கு வந்ததும் முசியே நின்று, மூக்கை உயர்த்தி மோப்பம் பிடித்தார். “அஞ்சலை இன்னிக்கி முடக்கத்தான் கொண்டாந்திருக்கா” என்றார். சரியாகத்தான் இருந்தது. அவள் அதில் ஒரு கட்டு எடுத்து அவர் கையில் வைத்தாள். “ரசம் வெச்சிக் குடிங்க முசியே. கால் வலிக்கு நல்லது” என்றாள். “எந்தக் கொல்லை?” என்று அவர் கேட்டார். “எங்க ஊட்டு வேலி. போதுமா ஒங்க கேள்வி?” என்றாள். அவர் கடைசியாகச் சந்தைக்கு வந்தது அன்றுதான்.

சிறுநூலை என் தெருவில் இருக்கும் ஆசிரியர் ஒருவர் கொண்டுவந்து காட்டினார். மினுமினுப்பான அட்டை. அவர் நல்லெண்ணத்தோடுதான் காட்டினார். நான் நேரே சிறுகுறிஞ்சான் பக்கத்துக்குப் போனேன். கோட்டுச் சித்திரமாக ஓர் இலை. கீழே, ‘வேலிகளில் எளிதாகக் கிடைக்கும். நீரிழிவுக்காரர்கள் பறித்துக் கஷாயம் வைத்து அருந்தலாம்’ என்று இரண்டு வரி. சோதனை இல்லை. நஞ்சறுப்பான் என்ற பேச்சே இல்லை. அஞ்சலை இல்லை. பெட்டியிலிருந்து அந்தக் கிழித்த பழைய பக்கத்தை எடுத்துப் பக்கத்தில் வைத்தேன். இரண்டிலும் எழுதியிருந்தது ஒன்றுதான். அவர் தவறு என்று கிழித்து எடுத்ததை, அவர்கள் சரி என்று அச்சடித்திருக்கிறார்கள்.

செயலாளரைப் போய்ப் பார்த்தேன். “பெரியவரே, இடம் போதவில்லை. மேலும் படிக்கிறவர்களுக்குச் சந்தைக்காரிகளின் பெயர் எதற்கு?” என்றார். அவர் கெட்டவர் இல்லை. அந்தப் பெயர்கள் மரியாதைக்காகப் போட்டவை என்று நினைத்திருக்கிறார். அவை எச்சரிக்கைக்காகப் போட்டவை. இதை அவரிடம் மூன்று முறை சொன்னேன். மூன்றாம் முறை எழுந்து நின்றுவிட்டார். என்னை யாரும் எழுந்து நின்று அனுப்ப முடியாது. நான் வந்துவிட்டு மறுநாள் திரும்பப் போனேன். இந்தக் கட்டுரை வெளியான மறுநாளும் போவேன்.

பிரகாசம் முசியேயிடமிருந்து என்னிடம் இருப்பவை மூன்று. பசை காய்ச்சிய சட்டி. அந்தக் கிழித்த பக்கம். இலையை நம்புவதற்கு முன்னால் அதைப் பறித்த கையைக் கேட்க வேண்டும் என்ற பாடம். முதல் இரண்டை யார் கேட்டாலும் கொடுக்க மாட்டேன். மூன்றாவதை எல்லோருக்கும் கொடுக்க வேண்டியிருக்கிறது.

ஆகவே செய்ய வேண்டியதைச் சொல்கிறேன், யார் செய்ய வேண்டும் என்பதையும் சொல்கிறேன்.

சங்கத்தின் செயலாளர் இலைப் புத்தகத்தைத் தெரேசம்மாளிடம் திருப்பித் தர வேண்டும். ஆளனுப்பித் தரக்கூடாது, தம் கையாலேயே தர வேண்டும். விற்காமல் இருக்கும் சிறுநூல்களை நிறுத்திவைத்து, சிவப்புக் கட்டம் முழுவதையும் அச்சடித்து ஒட்டிய பிறகே வெளியே விட வேண்டும். பசை நான் காய்ச்சித் தருகிறேன்.

அச்சகத்தார், இடம் போதவில்லை என்றால் சித்திரங்களைச் சிறிதாக்கட்டும்.

பள்ளி ஆசிரியர்கள் இந்த நூலை வைத்துப் பிள்ளைகளை வேலிக்கு அனுப்பக்கூடாது. சந்தைக்கு அழைத்துப் போகலாம்.

அன்று அஞ்சலை சொன்னதைக் கேட்ட டாக்டர் இப்போது ஓய்வு பெற்றுவிட்டார் என்று அறிகிறேன். அவர் இதைப் படித்தால், அன்று என்ன நடந்தது என்று நாலு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும். தராசுக்காரன் சொல்வதைக் கேட்காதவர்கள் டாக்டர் சொன்னால் கேட்பார்கள்.

சந்தையை நடத்துகிறவர்களுக்குக் கீரைப் பெண்களைக் கூரைக்கு அடியிலிருந்து மறுபடி வண்டிப் பக்கம் தள்ளும் யோசனை இருப்பதாகக் காதில் விழுகிறது. அது பொய்யாக இருந்தால் நல்லது. உண்மையாக இருந்தால், அந்த இடம் அவர்களுக்கு எப்படிக் கிடைத்தது என்று மேலே எழுதியிருக்கிறேன், படித்துப் பாருங்கள்.

என் அண்ணன், டாக்டர் கொடுத்த மருந்தை ஒழுங்காகச் சாப்பிட வேண்டும்.

கடைசியாக, அந்தச் சிறுநூலை ஏற்கெனவே வாங்கியவர்கள். உங்களிடம் சிவப்பு மை இல்லாவிட்டால் எந்த மையும் போதும். சிறுகுறிஞ்சான் பக்கத்தைத் திறந்து ஓரத்தில் எழுதிக்கொள்ளுங்கள்: ‘அஞ்சலை, தவளக்குப்பத்துக்கு அப்பால், சந்தையில் கூரைக்கு அடியில், இரண்டாவது தூண்.’ பச்சை இலையைக் கொண்டுபோய் அவளிடம் காட்டுங்கள். அவள் கொஞ்சம் சர்க்கரை கேட்பாள். வீட்டிலிருந்தே எடுத்துக்கொண்டு போங்கள்.